இலை உதிர்ந்த ஈழத்தலரிக்குத் தண்ணீர் வேண்டாம்

குளிர் பிரதேசங்களில் ஈழத்தலரி (ப்ளூமேரியா என்றால் பலருக்கும் உடனே தெரியும்) வளர்க்கும் வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு இந்த முறை பதில்.

கேள்வி: தொட்டியில் இருந்த ஈழத்தலரியைக் குளிர் ஆரம்பித்ததும் வீட்டுக்குள் கொண்டுவந்துவிட்டேன். அப்படியும் இலையெல்லாம் மஞ்சளாகிக் கொட்டி, மொட்டைக் குச்சியாக நிற்கிறது. தினமும் தண்ணீர் ஊற்றியும் துளிர்க்கவில்லை. பட்டுப்போய்விட்டதா?

பதில்: முதலில் அந்தத் தண்ணீரை நிறுத்துங்கள். மரம் பட்டுப்போகவில்லை, தூங்குகிறது. மெக்சிகோ, மத்திய அமெரிக்கா, கரீபியன் தீவுகள்தான் இதற்குத் தாய்மண். அங்கே பல இடங்களில் வருடத்தில் சில மாதம் மழையே இருக்காது, அந்த வறட்சியைத் தாண்டுவதற்காக இலையை உதிர்த்துவிட்டு, தடித்த கிளைகளில் சேர்த்து வைத்திருக்கும் நீரைக் கொண்டே காலத்தை ஓட்டப் பழகிய மரம் இது. உங்கள் ஊரில் பகல் குறுகி வெப்பம் இறங்கும்போதும் அதையேதான் செய்கிறது.

இலை இல்லாத மரம் தண்ணீரை இழுக்காது. ஊற்றுவதெல்லாம் மண்ணிலேயே தங்கிவிடும், சில்லென்ற ஈர மண்ணில் வேர் அழுகத் தொடங்கும். நான் பார்த்தவரை குளிரில் போன ஈழத்தலரியைவிட, பாசத்தோடு ஊற்றிய தண்ணீரில் போனதுதான் அதிகம்.

கிளையை விரலால் அழுத்திப் பாருங்கள். கெட்டியாக இருந்தால் கவலையே வேண்டாம். லேசான சுருக்கம் இருந்தாலும் பரவாயில்லை, ரொம்பச் சுருங்கினால் மட்டும் ஒரு டம்ளர் தண்ணீர் விடுங்கள், போதும். 10 டிகிரி செல்சியஸுக்குக் கீழே போகாத இடமாகப் பார்த்து வையுங்கள், இலை இல்லாத வரை வெளிச்சம் கூடத் தேவையில்லை. இடம் இல்லாதவர்கள் தொட்டியிலிருந்து பிடுங்கி, மண்ணை உதிர்த்துவிட்டு, வேரோடு காகிதத்தில் சுற்றி மூலையில் சாய்த்து வைப்பதும் உண்டு. நம்ப முடியாது, ஆனால் வசந்தத்தில் நட்டால் பிழைத்துக்கொள்ளும்.

நுனியில் புதுக் குருத்து தலைகாட்டியதும் கொஞ்சம் கொஞ்சமாகத் தண்ணீரைத் தொடங்குங்கள். உறைபனி பயம் முழுக்க நீங்கி, இரவிலும் 10 டிகிரிக்கு மேல் நிற்கிறது என்று தெரிந்த பிறகு வெளியே எடுங்கள், அதுவும் ஒரேயடியாக வெயிலில் வேண்டாம். ஒன்றிரண்டு வாரம் நிழலில் பழக்காவிட்டால் இலை பொசுங்கிவிடும்.

கேள்வி: இலை பிரமாதமாக வருகிறது, நல்ல உயரமும் இருக்கிறது. இத்தனை வருடத்தில் பூ மட்டும் ஒருமுறைகூட வரவில்லை. உரம் தவறாமல் போடுகிறேன். வீட்டுக்குள் வைக்க வசதியாக இருக்கட்டும் என்று வருடாவருடம் கிளையைக் கவாத்தும் செய்கிறேன்.

பதில்: காரணத்தை நீங்களே கடைசி வரியில் சொல்லிவிட்டீர்கள். ஈழத்தலரி கிளை நுனியில்தான் பூக்கும். நுனியில் பூங்கொத்து வந்து முடிந்த பிறகு அந்த இடத்துக்குக் கீழிருந்து இரண்டு மூன்று கிளை பிரியும், அப்புறம் அவை முற்றி அவற்றின் நுனியில் பூக்கும். ஒவ்வொரு வருடமும் நுனியை வெட்டினால், பூக்க வேண்டிய இடத்தைத்தான் வெட்டுகிறீர்கள். உயரம் தாங்கவில்லை என்றால் ஒரு கிளையை மட்டும் வெட்டுங்கள், மற்றதை விட்டுவைத்து அடுத்த வருடம் பார்த்துக்கொள்ளலாம்.

உரத்திலும் ஒரு விஷயம் இருக்கிறது. தழைச்சத்து மிகுந்தால் இலைதான் செழிக்கும், அதனால் தழைச்சத்து குறைந்த உரமாகப் பாருங்கள். நேரடி வெயில் ஒரு நாளைக்கு 6 மணி நேரமாவது விழ வேண்டும், கண்ணாடி ஜன்னல் வழியாக வரும் மங்கலான வெளிச்சத்தில் பூவை எதிர்பார்க்க முடியாது. கோடை குறுகிய இடங்களில் இன்னொரு சிக்கல், மரம் மெதுவாக எழுந்து இலை விட்டு மொட்டு கட்டுவதற்குள் மறுபடி குளிர் வந்துவிடும். ஆகவே வெளியே எடுக்கும் காலத்துக்குப் பல வாரங்கள் முன்பே வீட்டில் சூடும் வெளிச்சமும் உள்ள இடத்தில் வைத்து எழுப்பிவிடுவது நல்லது, அப்படிச் சம்பாதிக்கும் வாரங்கள்தான் பூவாகக் கைக்கு வரும். விதையிலிருந்து வளர்த்த செடி என்றால் பொறுமை வேண்டும், பூக்கச் சில வருடம் ஆகும்.

கேள்வி: கிளை நுனி கறுத்து மெத்தென்று ஆகிவிட்டது. காப்பாற்ற வழி உண்டா?

பதில்: உண்டு, ஆனால் இன்றே வெட்ட வேண்டும். கத்தியை ஸ்பிரிட்டில் துடைத்துக்கொண்டு, வெட்டுமுகம் சுத்தமான வெள்ளையாகத் தெரியும் வரை கொஞ்சம் கொஞ்சமாகக் கீழே வெட்டிக்கொண்டே வாருங்கள், பழுப்பு தெரிந்தால் அழுகல் இன்னும் இருக்கிறது என்று அர்த்தம். கையுறை போட்டுக்கொள்ளுங்கள். அரளியின் குடும்பம் இது, பால் தோலில் பட்டால் அரிக்கும், கண்ணில் படவே கூடாது. அடிப்பகுதியே மெத்தென்று ஆகியிருந்தால் மேலே நன்றாக இருக்கும் கிளையை வெட்டி ஒன்றிரண்டு வாரம் நிழலில் காயவிட்டு, மணல் கலந்த மண்ணில் போத்தாக நடுங்கள். மண் கதகதப்பாக இருந்தால்தான் வேர் பிடிக்கும்.

கேள்வி: தரையில் நடலாமா?

பதில்: உறைபனி விழும் இடத்தில் வேண்டாம். கிளைக்குள் இருக்கும் நீர் உறைந்தால் திசு சிதைந்துவிடும், எந்தப் போர்வையும் ஒரு முழுக் குளிர்காலத்துக்குத் தாங்காது. அடியில் நல்ல துளை உள்ள, அளவான தொட்டி போதும்.

கேள்வி: புதிதாக வாங்கப் போகிறேன். எந்த வகை?

பதில்: இலை நுனி கூராக இருக்கும் ருப்ரா வகையை வாங்குங்கள். சிவப்பு, இளஞ்சிவப்பு, மஞ்சள், வெள்ளை என்று எல்லா நிறத்திலும் கிடைக்கும், குளிரில் ஒழுங்காக இலை உதிர்த்துத் தூங்கவும் செய்யும். இலை நுனி உருண்டையாக இருப்பது ஒப்டூசா. வெள்ளைப் பூவும் மஞ்சள் நடுவுமாக மிக அழகு, ஆனால் அது பெரும்பாலும் இலையோடேயே இருக்கும் வகை, குளிர்காலம் முழுக்க அதற்கு வீட்டுக்குள் வெளிச்சமும் சூடும் கொடுத்தாக வேண்டும். அந்த வசதி இருந்தால் மட்டும் அதை எடுங்கள்.