20 லட்சம் ரூபாய் வீட்டுக் கடனுக்கு உண்மையில் எவ்வளவு செலவாகும்?

கேள்வி: மண்டபத்தில் எங்கள் குடும்ப மனையில் வீடு கட்ட 20 லட்சம் ரூபாய் கடன் வாங்கவிருக்கிறேன். வட்டி 9 சதவீதம், காலம் 20 ஆண்டு என்கிறார்கள். தவணை 18,000 ரூபாய்க்குள் அடங்குகிறது. என் சம்பளத்தோடு அப்பாவின் விசைப்படகு வருமானமும் இருப்பதால் கட்டிவிடலாம் என்று நினைக்கிறேன். தவணைத் தொகையைத் தவிர வேறு எதைப் பார்க்க வேண்டும்?

பதில்:

நான் உச்சிப்புளியில் இருக்கிறேன். நீங்கள் வாங்கவிருக்கும் அதே 20 லட்சத்தை 2020 அக்டோபரில் வாங்கித்தான் வீடு கட்டினேன். அப்போது வட்டி 7 சதவீதம், காலம் 20 ஆண்டு, தவணை 15,506 ரூபாய். உங்களைப் போலவே நானும் தவணையை மட்டும் பார்த்தேன். மாதம் பிறந்ததும் கணக்கிலிருந்து அந்தத் தொகை கழிந்துவிட்டால் கடமை முடிந்தது என்று இரண்டரை ஆண்டுகள் நிம்மதியாக இருந்தேன்.

2023 மே மாதம் வருமான வரிக் கணக்குக்காக வட்டிச் சான்றிதழ் வாங்க ராமநாதபுரத்தில் உள்ள கிளைக்குப் போனபோது, கூடவே கடன் கணக்கின் விவரப் பட்டியலையும் அச்சிட்டுத் தரச் சொன்னேன். கடைசி வரியில் இரண்டு எண்கள் இருந்தன: வட்டி 15,042 ரூபாய், அசல் 464 ரூபாய். அன்று காலையில் நான் மீன் வாங்கக் கொடுத்த பணம்கூட அந்த 464 ரூபாயைவிட அதிகம். அதற்குக் கீழே, மீதமுள்ள தவணைகள் 445 என்று அச்சாகியிருந்தது. கணக்குப்படி 210 தவணைகள்தான் இருந்திருக்க வேண்டும். “சார், இது அச்சுப் பிழையா?” என்று அதிகாரியிடம் கேட்டேன். “பிழை இல்லை சார், வட்டி ஏறிவிட்டது. உங்கள் தவணை ஏறக் கூடாது என்பதற்காக சிஸ்டமே மாதங்களைக் கூட்டியிருக்கிறது” என்றார். எனக்கு நல்லது செய்துவிட்டதாக அவர் உண்மையிலேயே நம்பினார். அப்போது எனக்கு 43 வயது; 445 மாதங்கள் என்றால் 80 வயது வரை கட்ட வேண்டும்.

நடந்தது இதுதான். 2019 அக்டோபர் முதல், வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களை ஒரு வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. பெரும்பாலான வங்கிகள் ரெப்போ விகிதத்தை, அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் குறுகிய காலக் கடன் தரும் வட்டி விகிதத்தை, எடுத்துக்கொண்டன. 2020 மே முதல் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2022 மே மாதத்தில் ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தைத் தொட்டது. என் வட்டியும் அதே அளவு ஏறி 9.5 ஆனது. வட்டி ஏறும்போது ஒன்று தவணை கூட வேண்டும், அல்லது காலம் நீள வேண்டும். தவணை கூடியிருந்தால் அந்த மாதமே கையைக் கடித்திருக்கும், உடனே போய்க் கேட்டிருப்பேன். காலம் நீண்டதால் எதுவும் தெரியவில்லை.

அன்று மாலை வீட்டில் உட்கார்ந்து இரண்டு கணக்குகள் போட்டேன். மீதி அசல் ஏறத்தாழ 19 லட்சம். பழைய தவணையிலேயே 445 மாதங்கள் போனால் இனிமேல் கட்டப்போவது 69 லட்சம் ரூபாய். மீதியை முன்பு இருந்தபடி 210 மாதங்களிலேயே முடிக்க வேண்டுமென்றால் தவணை 18,591 ரூபாயாக வேண்டும். அப்படிக் கட்டினால் மொத்தம் 39 லட்சம். மாதம் 3,085 ரூபாய் கூடுதலாகக் கொடுக்க மனம் ஒப்பாததற்கு விலை 30 லட்சம் ரூபாய். மறு வாரமே எழுதிக் கொடுத்துத் தவணையை உயர்த்திக்கொண்டேன். ஆகவே உங்கள் கேள்விக்கு என் முதல் பதில், வட்டி எத்தனை சதவீதம் என்பதைவிட எத்தனை மாதம் என்பதைக் கவனியுங்கள், அந்த எண்ணை ஆண்டுக்கு இரண்டு முறையாவது கேட்டு வாங்கிப் பாருங்கள் என்பதே.

இப்போது உங்கள் கடனுக்கு வருவோம். 20 லட்சம், 9 சதவீதம், 240 மாதம் என்றால் தவணை 17,995 ரூபாய். வட்டி மாறாமல் இருந்தால் மொத்தம் கட்டுவது ஏறத்தாழ 43 லட்சத்து 19 ஆயிரம். அதாவது வாங்கிய கடனுக்கு மேல் 23 லட்சத்துக்கும் அதிகம். இந்தத் தொகையைப் பார்த்து மலைத்துப்போகிறவர்கள்கூட அது எந்த வரிசையில் கழிகிறது என்பதைப் பார்ப்பதில்லை. முதல் மாதத் தவணையில் 15,000 வட்டிக்குப் போகிறது, 2,995 மட்டுமே அசலைக் குறைக்கிறது. ஐந்து ஆண்டு முடியும்போது நீங்கள் கிட்டத்தட்ட 10 லட்சத்து 80 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். அசலில் குறைந்திருப்பது 2 லட்சத்து 26 ஆயிரம்தான். அசலில் சரிபாதி, அதாவது 10 லட்சம், குறைவதற்கு 14 ஆண்டுகள் ஆகும். இதில் ஏமாற்று ஒன்றும் இல்லை. ஒவ்வொரு மாதமும் மீதியிருக்கும் அசலுக்குத்தான் வட்டி போடுகிறார்கள், தொடக்கத்தில் அசல் பெரிதாக இருப்பதால் வட்டியும் பெரிதாக இருக்கிறது, அவ்வளவே.

இந்த 14 ஆண்டு என்ற கணக்கு நம் கடற்கரைக்காரர்களுக்குத் தனியாக ஒரு பொருள் தருகிறது. நம் காற்றில் உப்பு இருக்கிறது, பல இடங்களில் ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரிலும் உப்பு இருக்கிறது. உப்புத் தண்ணீரில் கலவை போட்டு, கம்பிக்கு மேல் போதிய கனத்தில் கான்கிரீட் மூடாமல் விட்டால், சில ஆண்டுகளிலேயே கம்பி துருப்பிடித்துப் பருத்து, தளத்தின் அடிப்பூச்சு பாளம் பாளமாகப் பெயர்ந்து விழுவதை மண்டபத்தில் பிறந்த உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. கடலோரச் சூழலைக் கடுமையான பாதிப்பு வகையில் வைத்து, கம்பி போட்ட கான்கிரீட்டுக்குக் குறைந்தது எம்-30 தரம் வேண்டும் என்கிறது ஐ.எஸ். 456 என்ற இந்தியத் தரக்குறியீடு. கடனில் பாதி பாக்கி நிற்கும்போதே வீட்டுக்குப் பெரிய பழுதுபார்ப்பு வந்து, அதற்கு இரண்டாவதாக ஒரு கடன் வாங்க நேர்ந்தால், அதுவும் இந்த வீட்டின் விலையில்தான் சேரும். லாரித் தண்ணீருக்கும் நல்ல கலவைக்கும் இப்போது கூடுதலாகச் செலவழிப்பதை நான் வீண் என்று சொல்ல மாட்டேன். வரவேற்பறையின் அலங்காரக் கூரையை வேண்டுமானால் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

முன்கூட்டிக் கட்டுவதன் வலிமையும் இதே வரிசையிலிருந்துதான் வருகிறது. முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் ரூபாயை அசலில் கட்டி, தவணையை மாற்றாமல் விட்டால் 27 மாதங்களுக்கு மேல் குறைகிறது; வட்டியில் ஏறத்தாழ 4 லட்சம் மிச்சம். அதே ஒரு லட்சத்தை 15ஆம் ஆண்டு முடிவில் கட்டினால் எட்டு மாதங்கள்தான் குறையும், மிச்சம் 50 ஆயிரத்தை ஒட்டித்தான் இருக்கும். மொத்தமாகக் கட்ட வழியில்லை என்றால், முதல் மாதத்திலிருந்தே தவணையோடு 1,500 ரூபாய் சேர்த்துக் கட்டுங்கள். 240 மாதம் சுமார் 196 ஆகிவிடும், 5 லட்சத்துக்குச் சற்றுக் குறைவாக மிச்சமாகும். தனிநபர் பெயரிலுள்ள மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012இலேயே சொல்லிவிட்டது. பணம் கட்டும்போது “தவணை வேண்டாம், மாதங்களைக் குறையுங்கள்” என்று எழுதிக் கொடுக்க மறக்காதீர்கள். சொல்லாவிட்டால் சில இடங்களில் தவணையைக் குறைத்துவிடுகிறார்கள், அதில் மிச்சம் மிகக் குறைவு.

அப்பாவின் விசைப்படகு வருமானத்தைக் கணக்கில் சேர்த்திருக்கிறீர்கள். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்திலும் தவணைத் தேதி வரும். இரண்டு தவணை என்றால் 36,000 ரூபாய். அரசு தரும் தடைக்கால நிவாரணம் வீட்டுச் சாப்பாட்டுக்கே காணாது. என் மச்சான் பாம்பனில் படகு வைத்திருக்கிறார். இரண்டு ஆண்டுகள் தொடர்ந்து தடைக்காலத்தில் அக்காவின் நகையை அடகு வைத்துத்தான் வீட்டுத் தவணை கட்டினார். அந்த நகைக்கடன் வட்டி எந்த வங்கிக் காகிதத்திலும் வராது. ஆனால் அவருடைய வீட்டுக் கடனின் செலவில் அது நிச்சயமாக உண்டு. தடை நீங்கி மீன்பாடு நன்றாக இருக்கும் மாதங்களிலேயே இரண்டு தவணைக்கான பணத்தைத் தொடர் வைப்பில் ஒதுக்கி வைத்துவிடுவது என்று இப்போது பழகிக்கொண்டார். தவணை தவறினால் அபராதக் கட்டணம் உண்டு, அந்தக் கட்டணத்தின் மேல் வட்டி ஏற்றக் கூடாது என்று 2024 முதல் விதி இருந்தாலும், கட்டாமல் விட்ட அசலுக்கு வட்டி ஓடிக்கொண்டுதான் இருக்கும்.

கையெழுத்துப் போடுமுன் வரும் செலவுகளைச் சுருக்கமாகச் சொல்கிறேன். பரிசீலனைக் கட்டணமும் அதன்மேல் 18 சதவீத ஜி.எஸ்.டி.யும், வக்கீல் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், மூலப்பத்திரத்தை ஒப்படைப்பதற்கான எம்.ஓ.டி. ஆவணத்துக்குக் கடன் தொகையில் அரை சதவீத முத்திரைத் தீர்வை, அதற்கு மேல் பதிவுக் கட்டணம் ஆகியவை இருக்கும். மனை உங்களுடையதே என்பதால் கிரயப் பத்திரத்துக்குரிய 7 சதவீத முத்திரைத் தீர்வையும் 2 சதவீதப் பதிவுக் கட்டணமும் உங்களுக்கு இல்லை. அது பெரிய மிச்சம்.

இந்தச் சில்லறைகளுக்கு நடுவே ஒரு பெரிய தொகை ஒளிந்திருக்கும்: கடன் வாங்கியவர் இறந்தால் மீதிக் கடனை அடைக்கும் கடன் காப்பீடு. அதன் ஒற்றைப் பிரீமியத்தைக் கையிலிருந்து கேட்காமல் கடனோடு சேர்த்துவிடுவார்கள். ஒரு லட்சம் ரூபாய் பிரீமியத்தைக் கடனில் ஏற்றினால் 20 ஆண்டுகளில் அதற்காக நீங்கள் கட்டுவது 2 லட்சத்து 16 ஆயிரம். குடும்பத்துக்குப் பாதுகாப்பு வேண்டும் என்பதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை, ஆனால் அதைத் தனி டேர்ம் காப்பீடாக (குறிப்பிட்ட காலத்துக்குள் இறந்தால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் தரும் காப்பீடு) ஆண்டுதோறும் கட்டுவதே என் கணக்கில் நல்லது. காப்பீடு எடுத்தால்தான் கடன் என்று யாராவது சொன்னால் எழுத்தில் தரச் சொல்லுங்கள். என் அனுபவத்தில் அந்தப் பேச்சு அத்தோடு நின்றுவிட்டது.

கட்டுமானக் கடன் ஒரே தடவையில் கைக்கு வராது. அஸ்திவாரம், லிண்டல், தளம், பூச்சு என்று வேலை ஏற ஏறத்தான் விடுவிப்பார்கள். அதுவரை விடுவித்த தொகைக்கு வட்டி மட்டும் வாங்கும் வழக்கம் உண்டு. அந்தப் பணத்தில் ஒரு ரூபாய்கூட அசலைக் குறைக்காது. எனக்குத் தளம் போட வேண்டிய நேரத்தில் ஐப்பசி மழை பிடித்துக்கொண்டு, கொத்தனார் வேறு வேலைக்குப் போய், நான்கு மாதம் வாடகையும் கொடுத்து வட்டியும் கொடுத்தேன்.

வரிச் சலுகையை நம்பிக் கடனின் செலவைக் குறைத்துப் போடாதீர்கள். குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரிமுறையில்தான். புதிய வரிமுறையில் அது கிடையாது.

இன்னொரு பக்கத்தையும் சொல்லாவிட்டால் கணக்கு கோணலாகிவிடும். 43 லட்சம் என்று நான் சொன்ன தொகை இன்றைய 43 லட்சம் அல்ல. 20ஆம் ஆண்டில் நீங்கள் கட்டும் 17,995 ரூபாய்க்கு அன்றைக்கு இன்றைய வாங்கும் சக்தி இருக்காது, உங்கள் சம்பளமும் இதே இடத்தில் நிற்காது. “வட்டியே இன்னொரு வீட்டின் விலை” என்று டீக்கடையில் சொல்லும் கணக்கில் பாதிதான் உண்மை. வாடகைக்குக் கொடுத்திருக்கக்கூடிய பணத்தையும் கழித்துப் பார்க்க வேண்டும். கழுத்தைப் பிடிப்பது முதல் ஏழெட்டு ஆண்டுகள்தான். அந்த ஆண்டுகளில் தாங்கக்கூடிய தவணையா என்று பார்த்து, அதற்கேற்பக் கடனைக் குறைத்துக்கொள்ளுங்கள். 20 லட்சத்துக்குப் பதில் 17 லட்சத்தில் கீழ்த்தளத்தை மட்டும் முடிப்பது குறைவான காரியமில்லை.

ஒப்பந்தத்தில் இரண்டு இடங்களை விரல் வைத்துப் படியுங்கள். 2024 அக்டோபர் முதல் புதிதாகத் தரும் ஒவ்வொரு வீட்டுக் கடனுக்கும் முக்கிய விவர அறிக்கை ஒன்றைத் தர வேண்டும்; அதில் கட்டணங்களையும் சேர்த்துக் கணக்கிட்ட ஆண்டு மொத்தச் செலவு விகிதம் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட அந்த எண்ணைப் பயன்படுத்துங்கள், விளம்பர வட்டியை அல்ல. அடுத்தது, ரெப்போவுக்கு மேல் வங்கி போடும் கூடுதல் விகிதம். ரெப்போ எல்லோருக்கும் ஒன்றுதான், இந்தக் கூடுதல்தான் ஆளுக்கு ஆள் மாறுகிறது. வீட்டுவசதி நிதி நிறுவனங்கள் இந்த வெளி அளவுகோல் விதிக்குள் வருவதில்லை என்பதால், அங்கே வட்டி எதை வைத்து மாறும் என்று தனியாகக் கேளுங்கள். 2023 ஆகஸ்டில் வந்த ரிசர்வ் வங்கி உத்தரவின்படி, வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பை உங்களுக்குத் தர வேண்டும். என் 464 ரூபாய்க்கு மூன்று மாதம் பிந்தி வந்த உத்தரவு அது. 2025இல் ரெப்போ இறங்கியபோது, என் தவணையைக் குறைக்கட்டுமா என்று கேட்டு வங்கியிலிருந்து தொலைபேசி அழைப்பு வந்தது. தவணை அப்படியே இருக்கட்டும், மாதங்களைக் குறையுங்கள் என்றேன்.

கடைசித் தவணைக்குப் பிறகும் ஒரு வேலை இருக்கிறது. கடன் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப்பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும்; தாமதம் வங்கியால் ஏற்பட்டால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு. பத்திரம் கைக்கு வந்ததோடு விட்டுவிடாமல், கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்து, வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். எங்கள் தெருவில் ஒருவர் எப்போதோ அடைத்த கடன், மகளின் கல்யாணத்துக்காக வீட்டை விற்கப் போனபோதும் வில்லங்கத்தில் நின்றுகொண்டிருந்தது.