டாய்லெட் ரோல் வாங்குவதற்கு முன்: செட்டிநாட்டு வாசகர்களின் கேள்விகளும் பதில்களும்

கேள்வி: கானாடுகாத்தானில் எங்கள் பூர்வீக வீட்டின் நான்கு அறைகளைச் சுற்றுலாப் பயணிகளுக்கு விடுகிறோம். வெளிநாட்டு விருந்தினர்களுக்கு டாய்லெட் ரோல் வைத்தே ஆக வேண்டியிருக்கிறது. '2 ப்ளை', '4 ப்ளை', '160 புல்ஸ்', '300 புல்ஸ்' என்று கடையில் பல விதமாகக் கிடைக்கிறது. எதைப் பார்த்து வாங்குவது?

எடையைப் பாருங்கள். ப்ளை என்பது எத்தனை அடுக்கு, புல்ஸ் என்பது எத்தனை கிழிப்பு. உள்ளே எவ்வளவு தாள் இருக்கிறது என்பதை இந்த இரண்டும் சொல்லாது. அடுக்கின் கனமும் கிழிப்பின் அளவும் சேர்ந்தால்தான் கணக்கு முழுமையாகும்.

ஒரு கிழிப்பு 10 செ.மீ.க்கு 10 செ.மீ., 2 ப்ளை, 160 கிழிப்பு என்று வைத்துக்கொள்வோம். மொத்தப் பரப்பு 3.2 சதுர மீட்டர். ஒரு அடுக்கு சதுர மீட்டருக்கு 16 கிராம் என்றால் ரோலில் இருக்கும் தாள் சுமார் 51 கிராம். கிழிப்பின் இரு பக்கமும் அரை சென்டிமீட்டர் குறைந்து 9.5 ஆனால், பரப்பில் பத்தில் ஒரு பங்கு போய்விடும். உறையில் '160 புல்ஸ்' என்ற எழுத்து மட்டும் அப்படியே இருக்கும். அதனால் கிழிப்பின் நீள அகலத்தை உறையில் தேடிப் படியுங்கள்.

வீட்டில் சமையல் தராசு இருந்தால் வெவ்வேறு பிராண்டில் ஒவ்வொரு ரோல் வாங்கி எடை போடுங்கள். தீர்ந்த ரோலின் அட்டைக் குழாயைத் தனியாக நிறுத்து, அதைக் கழித்துவிடுங்கள். விலையை 100 கிராமுக்கு மாற்றினால் உண்மை தெரியும். 25 ரூபாய் ரோலில் 50 கிராம் தாள் என்றால் 100 கிராம் 50 ரூபாய். 35 ரூபாய் ரோலில் 90 கிராம் இருந்தால் 39 ரூபாய்தான். மலிவென்று எடுத்தது விலை கூடியதாக முடிவது இங்கேதான்.

விருந்தினர் அறைக்கு 2 ப்ளை போதும். நான்கு அடுக்கு ரோலிலும் கைப்பழக்கத்தில் அதே நீளத்தைத்தான் கிழிப்பார்கள். அடுக்கின் கனம் ஒன்றே என்றால் செலவாகும் நார் இரட்டிப்பாகும், செப்டிக் டேங்குக்குப் போவதும் இரட்டிப்பாகும்.

மொத்தமாக வாங்கினால் பழைய மர அலமாரியின் அடித்தட்டில் அடுக்காதீர்கள். கரையானும் ராமபாணப் பூச்சியும் முதலில் தேடுவது இந்த மாதிரித் தாளைத்தான். மூடியுள்ள பிளாஸ்டிக் டப்பாவில், சுவரை ஒட்டாமல், தரையிலிருந்து உயர்த்தி வையுங்கள்.

கேள்வி: டாய்லெட் பேப்பருக்காகக் காட்டை வெட்டுகிறார்கள் என்று மகள் சொல்கிறாள். பழைய பேப்பரில் செய்வதாகத்தானே கேள்விப்பட்டிருக்கிறோம்? — காரைக்குடி வாசகி

இரண்டும் நடக்கிறது. எது உங்கள் கையில் இருக்கிறது என்பதுதான் விஷயம்.

மெத்தென்ற, பளிச்சென்ற வெள்ளை ரோல் பெரும்பாலும் புது மரக்கூழில் செய்தது. ஊசியிலை மரத்தின் நீள நார் கிழியாத பலத்தைத் தரும். தைல மரம் போன்றவற்றின் குட்டை நார் மென்மையைத் தரும். இரண்டையும் கலந்தால்தான் அந்தப் பதம் வரும். நீள நாரில் கணிசமான பங்கு கனடாவின் வடபகுதிக் காடுகளிலிருந்தும், குட்டை நார் பிரேசிலின் தைல மரத் தோட்டங்களிலிருந்தும் உலகச் சந்தைக்கு வருகிறது. கனடாவின் அந்தக் காட்டு மண்ணில் பல நூற்றாண்டுக் கரிமம் சேர்ந்து கிடக்கிறது. என்ஆர்டிசி என்ற அமெரிக்கச் சுற்றுச்சூழல் அமைப்பு 2019இல் இதைப் பற்றி அறிக்கை வெளியிட்டு, டிஷ்யூ பிராண்டுகளுக்குப் பள்ளிக்கூடத்து கிரேடு மாதிரி தரம் போட்டது. புது மரக்கூழை மட்டுமே நம்பிய பெரிய பிராண்டுகள் சில அதில் கடைசித் தரம் வாங்கின.

வெட்டுவதோடு முடியவில்லை. மரச்சில்லைக் காஸ்டிக் சோடாவும் சோடியம் சல்ஃபைடும் சேர்த்து வேகவைத்து, நாரைப் பிடித்துவைத்திருக்கும் லிக்னினைக் கரைத்தெடுக்க வேண்டும். பிறகு வெளுக்க வேண்டும். முன்பு குளோரின் வாயுவால் வெளுத்தபோது டையாக்சின் என்ற நஞ்சு ஆற்றில் கலந்தது. இப்போது பெரும்பாலான ஆலைகள் குளோரின் டையாக்சைடுக்கு மாறிவிட்டன. அதைத்தான் உறையில் 'ஈசிஎஃப்' என்று போடுவார்கள். ஆக்சிஜன், ஓசோன், பெராக்சைடு கொண்டு குளோரின் சேர்மமே இல்லாமல் வெளுத்தது 'டிசிஎஃப்'. பழைய தாளிலிருந்து செய்து, மறுபடி வெளுக்கும்போது குளோரின் சேர்க்காதது 'பிசிஎஃப்'.

அடுத்தது தண்ணீரும் எரிபொருளும். மெஷினில் பாயும் கூழ்க் கரைசல் நூறு கிலோவில் நார் அரைக் கிலோகூட இருக்காது, மிச்சமெல்லாம் தண்ணீர். அதில் பெரும்பகுதியை வடித்தும் அழுத்தியும் எடுத்த பிறகு, நீராவியால் சூடாக்கிய பெரிய உருளையில் ஒட்டவைத்து உலர்த்தி, கத்தி போன்ற தகட்டால் சுரண்டி எடுக்கிறார்கள். ரோலில் தெரியும் நுண்ணிய சுருக்கங்கள் அந்தத் தகடு போட்டவை. நீராவிக்கு நிலக்கரி எரித்தால் அந்தக் கரியும் தாளின் கணக்கில்தான் சேரும்.

பழைய தாளில் செய்த ரோலில் மரம் வெட்டுவதும் வேகவைப்பதும் இல்லை. மை நீக்கிக் கழுவினால் போதும். ஒரு நார் நோட்டுப் புத்தகமாகி, அட்டைப்பெட்டியாகி, கடைசியில் டாய்லெட் ரோலாக வருவது நியாயமான வரிசை. டாய்லெட் பேப்பரை மறுபடி சேகரிக்க வழியே இல்லை. நேற்று வெட்டிய மரத்தை ஒரே முறை துடைத்துக் கழிவில் விடுவது எந்தக் கணக்கிலும் வீண்.

காட்டுப் பராமரிப்புக்குச் சான்று தரும் எஃப்எஸ்சி முத்திரை இருந்தால் அதன் கீழே உள்ள சொல்லைப் படியுங்கள். 'ரீசைக்கிள்டு' என்றால் முழுக்கப் பழைய தாள். 'மிக்ஸ்' என்றால் சான்று பெற்ற காட்டு மரமும் வேறு மூலங்களும் கலந்தது. முத்திரை ஒன்றுபோலத் தெரிந்தாலும் பொருள் வேறு.

கேள்வி: அப்படியானால் நம் பக்கத்துத் தைல மரத்தில் செய்தால் நல்லதுதானே? கப்பலில் வர வேண்டியதில்லை. — திருமயம்

தூரம் குறையும், தண்ணீர்ப் பிரச்சினை குறையாது. புதுக்கோட்டை மாவட்டத்துத் தைல மரக் காடுகளைப் பற்றி விவசாயிகள் ஆண்டுக்கணக்கில் சொல்லிவரும் குறை உங்களுக்கே தெரிந்திருக்கும். மழைத்தண்ணீர் ஓடாமல் இருக்கத் தோட்டத்துக்குள் வெட்டும் குழிகளும் வரப்புகளும் கண்மாய்க்கு வர வேண்டிய நீரை மறித்துவிடுகின்றன. மழையை மட்டும் நம்பிய கண்மாய்ப் பாசனப் பகுதியில் இது சின்ன விஷயமில்லை.

கரும்புச் சக்கையும் ஒரு வழிதான். கரூர் மாவட்டம் காகிதபுரத்தில் 1979இல் தொடங்கப்பட்ட தமிழ்நாடு செய்தித்தாள் காகித நிறுவனம் சக்கையிலிருந்து எழுதும் தாளும் அச்சுத் தாளும் செய்து பெயர் வாங்கியது. ஆனால் சக்கை சும்மா கிடக்கும் குப்பை இல்லை, சர்க்கரை ஆலைகள் கொதிகலனில் எரிக்கும் எரிபொருள் அது. காகிதத்துக்குக் கொடுத்தால் கொதிகலனுக்கு வேறு எரிபொருள் வேண்டும். 'சக்கையில் செய்தது, மரமே வெட்டவில்லை' என்ற வரியைப் படிக்கும்போது இதையும் சேர்த்துப் பாருங்கள்.

கேள்வி: மூங்கில் ரோல், '100% சுற்றுச்சூழலுக்கு உகந்தது' என்று ஆன்லைனில் இரண்டு மடங்கு விலைக்கு வாங்கினேன். ஏமாந்தேனா? — பள்ளத்தூர்

மூங்கில் வெட்டிய பின் தானே துளிர்க்கும், மறுநடவு வேண்டாம். இது உண்மையான நன்மை. ஆனால் கூழாக்கும் வேலை மரத்துக்கு உள்ளது போலத்தான். அதே ரசாயனம், அதே உலர்த்தல். சந்தையில் உள்ள மூங்கில் டிஷ்யூவில் பெரும்பகுதி சீனாவில் தயாராகிறது. அங்கே ஆலைக்கு மின்சாரம் நிலக்கரியிலிருந்து வந்தால் மூங்கிலின் நன்மை அதில் கரைந்துபோகும். உறையைத் திருப்பி, தயாரித்த நாடு எது, மூங்கில் எத்தனை சதவீதம் என்று பாருங்கள். 'மூங்கில்' என்று பெரிதாகப் போட்டு, மிச்சத்துக்கு மரக்கூழ் சேர்ப்பதும் உண்டு.

இப்படிப்பட்ட பசுமை வாசகங்களுக்கு இப்போது கட்டுப்பாடு இருக்கிறது. மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2024 அக்டோபரில் வழிகாட்டு நெறிமுறை வெளியிட்டது. 'இயற்கைக்கு உகந்தது' என்று பொதுவாகச் சொல்லிவிட்டுப் போக முடியாது, ஆதாரம் வைத்திருக்க வேண்டும். விற்பனையாளரிடம் ஆதாரத்தை எழுத்தில் கேளுங்கள். பதில் இல்லையென்றால் உறையின் எல்லாப் பக்கங்களையும் பில்லையும் படமெடுத்துக்கொண்டு 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் பதியுங்கள். உறையைத் தூக்கிப்போட்டுவிட்டுப் புகார் செய்தால் வேலைக்காகாது.

கேள்வி: மறுசுழற்சித் தாள் சுத்தமானதா?

சுத்தமானதுதான். கழுவி, மை நீக்கி, சூட்டு உருளையில் உலர்த்தித்தான் வருகிறது. ஏடிஎம், கடை பில் போன்ற வெப்பத் தாளிலிருந்து பிபிஏ என்ற ரசாயனம் மிகச் சிறிய அளவில் தங்கியிருக்கக்கூடும். புது மரக்கூழ் என்பதால் மட்டும் ரசாயனமே இல்லை என்றும் ஆகாது.

ரூபாய் நோட்டு சோதிக்கும் யுவி விளக்கில் ரோலைக் காட்டினால் அங்கங்கே நீலப் புள்ளிகளாக மின்னும். பழைய ஆபீஸ் தாளில் இருந்த வெண்மையூட்டியின் மிச்சம் அது. பயப்பட வேண்டாம்.

கேள்வி: பேரப்பிள்ளைகள் சிங்கப்பூரிலிருந்து வந்து போனாலே செப்டிக் டேங்க் அடைத்துக்கொள்கிறது. லாரிக்காரர் 'பேப்பர்தான் காரணம்' என்கிறார். — தேவகோட்டை ஆச்சி ஒருவர்

எந்தப் பேப்பர் என்று முதலில் பாருங்கள் ஆச்சி. அரை பாட்டில் தண்ணீரில் இரண்டு கிழிப்பைப் போட்டு மூடி, பத்துப் பதினைந்து நொடி குலுக்குங்கள். டாய்லெட் ரோல் கஞ்சி மாதிரி பிரிந்துவிடும். முகம் துடைக்கும் டிஷ்யூவும் சமையலறை ரோலும் துண்டு துண்டாகவே நிற்கும். நனைந்தாலும் கிழியாமலிருக்க அதில் பிசின் சேர்த்திருக்கிறார்கள். குழந்தைக்குத் துடைக்கும் ஈரத் துடைப்பான் முழுசாக அப்படியே கிடக்கும். அதில் பலவற்றில் இருப்பது பாலியஸ்டர், பிளாஸ்டிக் நார். 'ஃப்ளஷ் செய்யலாம்' என்று உறையில் போட்டிருந்தாலும் போடக்கூடாது. 2017இல் லண்டனில் வைட்சேப்பல் பகுதிச் சாக்கடையில் துடைப்பானும் கொழுப்பும் இறுகி 250 மீட்டர் நீளத்துக்கு அடைத்திருந்தது, எடை சுமார் 130 டன்.

குலுக்கலில் பிரிகிற தாள் அளவாகப் போனால் டேங்க் தாங்கும். மற்ற எல்லாவற்றுக்கும் கழிவறையில் மூடிபோட்ட சிறு குப்பைத்தொட்டி வையுங்கள்.

டேங்கின் அடியில் சகதியும் மேலே ஏடும் சேர்ந்து ஆழத்தில் மூன்றில் ஒரு பங்கை எட்டினால் எடுத்துவிட வேண்டும். சாதாரணமாக இரண்டு மூன்று ஆண்டுக்கு ஒருமுறை. தள்ளிப்போட்டால் நார் வெளியேறும் குழாய் வழியாக உறிஞ்சு குழிக்குப் போய் மண்ணை அடைத்துவிடும். டேங்கைச் சுத்தம் செய்துவிடலாம், அடைத்த உறிஞ்சு குழியைப் புதிதாகத்தான் தோண்ட வேண்டும். ஆசிடும் பினாயிலும் ஏராளமாக ஊற்றினால் கழிவை மட்கச் செய்யும் பாக்டீரியா செத்துப்போகும். என்ன அவசரமானாலும் ஆளை உள்ளே இறக்காதீர்கள். உறிஞ்சும் லாரி மட்டும்தான். பாதுகாப்புச் சாதனம் இல்லாமல் ஆளை இறக்குவது 2013ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றம், உள்ளே இருக்கும் வாயு சில நிமிடத்தில் ஆளைக் கொன்றுவிடும்.

கேள்வி: பேப்பரைக் குறைக்க எல்லா அறையிலும் ஜெட் ஸ்பிரே வைக்க நினைக்கிறோம். சுண்ணாம்புச் சுவர், ஆத்தங்குடிக் கல் பாவிய வீடு. உடைக்காமல் முடியுமா? — கோட்டையூர்

முடியும். இந்தப் பக்கத்தில் நாங்கள் சொல்ல விரும்பும் முதல் யோசனையே இதுதான். தண்ணீரால் கழுவி, இரண்டு கிழிப்பால் ஈரம் ஒற்றினால் ரோல் பல மடங்கு நாள் வரும். தண்ணீர் செலவாகுமே என்று தயங்க வேண்டாம். இரட்டைப் பொத்தான் ஃப்ளஷில் சின்னதற்கு 3 லிட்டர், பெரியதற்கு 6 லிட்டர் போகிறது. ஸ்பிரேயை ஒரு லிட்டர் கப்பில் பிடித்து எத்தனை நொடியில் நிறைகிறது என்று பாருங்கள், உங்கள் வீட்டுக் கணக்கு தெரிந்துவிடும்.

ஃப்ளஷ் தொட்டிக்குப் போகும் ஆங்கிள் வால்வைக் கழற்றி, இருவழி ஆங்கிள் வால்வு போடச் சொல்லுங்கள். ஒரு வழி தொட்டிக்கு, மறு வழி ஸ்பிரேக்கு. சுவரில் கை வைக்க வேண்டியதில்லை. சுண்ணாம்புச் சுவரை உடைத்துச் சிமென்ட் பூசினால் அந்த இடம் பிற்பாடு உப்பிப் பெயர்ந்து வரும். சுவருக்குள் போகும் மரையில் டெஃப்லான் டேப்பை மரை சுற்றும் திசையிலேயே எட்டுப் பத்துச் சுற்று சுற்ற வேண்டும். எதிர்த்திசையில் சுற்றினால் முடுக்கும்போது உருவிக்கொண்டு கசியும். ஹோஸ் முனையில் ரப்பர் வாஷர் இருப்பதால் அங்கே டேப் வேண்டாம், கையால் இறுக்கினால் போதும்.

மொட்டை மாடித் தொட்டி உயரம் குறைவானால் பீய்ச்சல் பலவீனமாக இருக்கும். 10 மீட்டர் உயரத்துக்கு ஒரு பார் அழுத்தம் என்பது கணக்கு. உங்கள் தொட்டி ஸ்பிரேயிலிருந்து 3 மீட்டர் மேலே இருந்தால் 0.3 பார்தான். குறைந்த அழுத்தத்துக்கான மாடலைக் கேட்டு வாங்குங்கள்.

உபயோகித்ததும் ஆங்கிள் வால்வை மூடும் பழக்கம் வேண்டும். திறந்தே விட்டால் ஹோஸின் உள்குழாயில் இரவும் பகலும் அழுத்தம் நிற்கும். ஒரு நாள் ஆளில்லாத நேரத்தில் வெடித்து வளவு (நடு முற்றம்) வரை தண்ணீர் வந்துவிடும். பூட்டிக்கிடக்கும் வீடுகளுக்கு இது இன்னும் முக்கியம். ஸ்பிரேயைக் கொக்கியில் மேலே மாட்டுங்கள். கோப்பைக்குள் தொங்கினால், அழுத்தம் குறையும் நேரத்தில் அழுக்குத் தண்ணீரைக் குழாய்க்குள் இழுத்துவிடும்.

உப்புத் தண்ணீரால் துளை அடைத்தால், முனையை மட்டும் கழற்றி வினிகரில் இரவு முழுக்க ஊறவையுங்கள். ஆசிடைத் தொடாதீர்கள். ஆத்தங்குடிக் கல் சூளையில் சுடாத சிமென்ட் கல். அதில் ஒரு சொட்டு ஆசிட் பட்டாலே மேல்பூச்சு அரித்து நிறம் போய்விடும்.