கனடாவின் எட்மன்டன் மாதிரி கடுங்குளிர் ஊரில் வீட்டுக்குள்ளேயே வருடம் முழுக்க சாலட் கீரை வளர்க்க முடியுமா?

தாராளமாக முடியும். நான் எட்மன்டனில்தான் இருக்கிறேன். ஜனவரியில் வெளியே மைனஸ் 25 அடித்தாலும், சாப்பாட்டு நேரத்தில் கத்தரிக்கோலை எடுத்துக்கொண்டு பேஸ்மெண்டுக்கு இறங்கி ஒரு கிண்ணம் நிறைய இலை நறுக்கி வந்துவிடுவேன். குளிர்காலத்தில் இங்கே கடையில் டப்பாவில் கிடைக்கும் இலை பெரும்பாலும் அரிசோனா, கலிபோர்னியா பக்கமிருந்து லாரியில் வருவது. அப்போதே நறுக்கிய அருகுலா என்ற சாலட் கீரையை ஒரு தடவை மென்று பாருங்கள், அந்தக் காரம் டப்பா இலையில் இருக்கவே இருக்காது.

கேட்பவர்கள் பலரும் குளிரை நினைத்துத்தான் பயப்படுகிறார்கள். ஹீட்டர் ஓடும் வீட்டுக்குள் குளிர் ஒரு பிரச்சினையே இல்லை. வெளிச்சம்தான் போதாது. டிசம்பர் கடைசியில் எங்கள் ஊரில் பகல் ஏழரை மணி நேரம்கூட முழுசாக இல்லை. நடுப்பகலிலும் சூரியன் அடிவானத்தை ஒட்டியே ஊர்ந்து போகும். தெற்குப் பார்த்த ஜன்னலில் வைத்தாலும் நாற்று நூலாக நெட்டையாக வளர்ந்து சாய்ந்துவிடும். அதனால் கையிலிருக்கும் காசை முதலில் விளக்குக்குப் போடுங்கள், தொட்டியும் உரமும் அப்புறம்.

இதற்கு ஊதா நிற விளக்கு வேண்டும் என்று கட்டாயம் இல்லை. ஹார்டுவேர் கடையில் கிடைக்கும் நாலடி நீள வெள்ளை எல்இடி விளக்கே போதும். அட்டையில் 5000 முதல் 6500 கெல்வின் (வெளிச்சத்தின் நிறத்தைக் குறிக்கும் அளவு) வரை போட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். ஓர் இரும்பு ரேக்கின் ஓர் அடுக்குக்கு இரண்டு விளக்கு, சங்கிலியில் தொங்கவிட்டால் ஏற்றி இறக்க வசதி. இலைக்கும் விளக்குக்கும் நடுவே ஒரு சாண் இடைவெளி இருக்கட்டும். டைமர் போட்டு தினமும் 14 மணி நேரம் எரிய விடுங்கள். தலா 40 வாட் என்றால் இரண்டுக்கும் சேர்த்து ஒரு நாளைக்கு ஒரு யூனிட்டுக்குக் கொஞ்சம் மேல் ஆகும்.

அடுத்தது, எதை விதைப்பது? நம் ஆட்கள் பழக்கத்தில் முதலில் முளைக்கீரை விதையைத்தான் எடுப்பார்கள். அது வெயிலும் சூடும் கேட்கிற செடி. 18 டிகிரி பேஸ்மெண்டில், விளக்கு வெளிச்சத்தில் மந்தமாகவே வளரும். லெட்டூஸுக்கோ அதே 18 டிகிரிதான் சுகம். உருண்டை கட்டும் ரகம் வேண்டாம். 'பிளாக் சீடட் சிம்ப்சன்', 'சாலட் பவுல்' என்ற பெயர்களில் வரும் விரிந்த இலை ரகம் வாங்குங்கள். கூடவே அருகுலா, மிசுனா என்ற ஜப்பானியக் கடுகுக்கீரை. பாலக் போட ஆசை என்றால் அதற்கு மட்டும் விளக்கு நேரத்தை 12 மணி நேரத்துக்குள் வைக்க வேண்டும். பகல் நீண்டால் அது பூத்தண்டு விட்டுவிடும்.

லெட்டூஸ் விதையை மண்ணுக்குள் புதைக்காதீர்கள். பல ரகங்களில் அது முளைக்கவே வெளிச்சம் வேண்டும். சிவப்பு ஒளி பட்டால் விதை விழிக்கும், சிவப்புக்கு அப்பாலுள்ள ஒளி பட்டால் மறுபடி உறங்கிவிடும் என்று அமெரிக்காவின் பெல்ட்ஸ்வில் ஆய்வு நிலையத்தில் 1952இல் கண்டுபிடித்தார்கள். அந்தச் சோதனைக்கு எடுத்துக்கொண்டதே கிராண்ட் ராப்பிட்ஸ் என்ற லெட்டூஸ் ரகத்தின் விதையைத்தான். விதைத்தட்டில் ஈரமான தொட்டிக்கலவை நிரப்பி, அதன் மேல் விதையைத் தூவி, உள்ளங்கையால் லேசாக அழுத்தி, தண்ணீர் தெளித்து, வெளிச்சம் புகும் மூடியால் மூடி வையுங்கள். இரண்டு மூன்று நாளில் வெள்ளை வேர் முனை எட்டிப் பார்க்கும், உடனே மூடியை எடுத்துவிடுங்கள். நெருக்கமாக முளைத்தால் பிடுங்கிக் கலைக்க வேண்டாம், பக்கத்து வேரும் ஆடிவிடும். கத்தரிக்கோலால் அடியில் நறுக்குங்கள், அந்தக் குட்டி நாற்றும் சாப்பிட நன்றாகவே இருக்கும்.

ஒரு சின்ன மின்விசிறி மெல்ல ஓடட்டும். காற்று அசையாத இடத்தில் நாற்றழுகல் வரும். இலை வேகமாக வளரும்போது அதன் நுனி கருகுவதும் காற்றோட்டக் குறையால் வருவதுண்டு. இலையிலிருந்து நீர் ஆவியானால்தான் சுண்ணாம்புச் சத்து நுனிவரை ஏறும். மண்ணில் குட்டி ஈக்கள் பறந்தால் மேல்மண் ஈரமாகவே கிடக்கிறது என்று அர்த்தம். மேலே ஊற்றாமல், அடியில் வைத்த தட்டில் தண்ணீர் விட்டு அடியிலிருந்து உறிஞ்ச விடுங்கள், மஞ்சள் ஒட்டுப்பொறி ஒன்று சொருகி வையுங்கள், அடங்கிவிடும்.

விதைத்து ஏறக்குறைய ஒரு மாதத்தில், இலை ஒரு விரல் நீளம் வந்ததும், அடியில் இரண்டு விரற்கடை விட்டு நறுக்கலாம். நடுக்குருத்தை விட்டுவைத்தால் மறுபடி தழைக்கும். இரண்டு மூன்று வெட்டுக்குப் பிறகு இலை கசக்க ஆரம்பிக்கும், அப்போது தட்டை மாற்றுங்கள். "வருடம் முழுக்க" என்று கேட்டீர்களே, அதற்கு வழி ஒன்றுதான்: இருக்கும் தட்டு நன்றாகத் தழைத்து நிற்கும்போதே அடுத்த தட்டை விதைத்துவிட வேண்டும். நான் இரண்டு வாரத்துக்கு ஒரு தட்டு என்று வைத்திருக்கிறேன். ஜூலையிலும் இதை நிறுத்துவதில்லை. தோட்டத்து லெட்டூஸ் 17 மணி நேரப் பகலையும் சூட்டையும் தாங்காமல் பூத்துக் கசந்து போகும் நேரம் அது. பேஸ்மெண்ட் அப்போதும் குளுகுளுவென்று இருப்பதால் கீழே இருப்பது இளசாகவே கிடைக்கும்.