எழுத்தாளர் ஏன் தயாரிப்பாளர்?

அன்புள்ள ஆசிரியருக்கு,

‘பிரேக்கிங் பேட்’ தொடரின் டைட்டிலில் தயாரிப்பாளர்கள் பெயர் வந்துகொண்டே இருக்கிறது. அதில் பாதிப் பேர் எழுத்தாளர்கள் என்கிறார் நண்பர். எழுதுகிறவர்களிடம் அவ்வளவு பணம் ஏது? அல்லது சும்மா மரியாதைக்குப் போடுவதா?

க.

அன்புள்ள க.,

உங்கள் நண்பர் சொல்வது ஏறக்குறைய சரி. அவர்கள் யாரும் பணம் போட்டவர்கள் இல்லை. அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஸ்டாஃப் ரைட்டராக நுழைபவர் ஸ்டோரி எடிட்டர், கோ-புரொட்யூசர், புரொட்யூசர் என்று ஏறுவார். எல்லாம் எழுத்தாளருக்கான பதவிகள்தான். உச்சியில் இருப்பவர் ஷோரன்னர், அதாவது தொடர் முழுவதையும் நடத்தும் தலைமை எழுத்தாளர். இயக்குநர்கள் எபிசோடுக்கு எபிசோடு மாறுவார்கள். முழுக் கதையும் தலையில் இருப்பது எழுத்தாளருக்கு என்பதால் நடிகர் தேர்வு முதல் எடிட்டிங் வரை அவர் பேச்சுதான் எடுபடும்.

‘பிரேக்கிங் பேட்’ தொடரை உருவாக்கிய வின்ஸ் கில்லிகனையே பாருங்கள். அவர் எழுதிய ‘ஹோம் ஃப்ரைஸ்’ திரைக்கதைக்கு 1989இல் வர்ஜீனியாவில் பரிசு கிடைத்தது. படமாக வந்தது 1998இல்! சினிமாவில் எழுத்தாளர் காத்திருக்க வேண்டியதுதான். (அந்தப் பரிசின் நடுவர்களில் ஒருவரான மார்க் ஜான்சன்தான் பின்னாளில் ‘பிரேக்கிங் பேட்’ தயாரிப்பாளர்களில் ஒருவர். இவர் எழுத்தாளர் இல்லை.) இடையில், 1995இல், ‘எக்ஸ்-ஃபைல்ஸ்’ தொடருக்கு ஒரு எபிசோடு எழுதிக் கொடுத்தார் கில்லிகன். 2002இல் தொடர் முடியும்வரை அங்கேயே இருந்து எக்ஸிக்யூட்டிவ் புரொட்யூசர் ஆனார்.

அங்கே 1998இல் அவர் எழுதிய ஓர் எபிசோடில் பிரையன் கிரான்ஸ்டன் நடித்தார். வெறுக்கத்தக்க ஓர் ஆளின் வேடம், ஆனாலும் பார்ப்பவர் இரங்க வேண்டும். பிறகு ‘பிரேக்கிங் பேட்’ நாயகனாக அவரைக் கேட்டபோது, காமெடி அப்பாவாக நடித்தவராயிற்றே என்று ஏஎம்சி சேனல் தயங்கியது. கில்லிகன் அந்தப் பழைய எபிசோடைப் போட்டுக் காட்டினார். ஸ்கிரிப்ட்டைக் கொடுத்துவிட்டு வீட்டுக்குப் போகிற எழுத்தாளராக மட்டும் இருந்திருந்தால் இப்படி வாதாடும் இடம் அவருக்குக் கிடைத்திருக்காது.

2023இல் அமெரிக்க எழுத்தாளர்கள் 148 நாள் வேலைநிறுத்தம் செய்ததற்கு இதுவும் ஒரு காரணம். நாலைந்து பேரை வைத்து மொத்தத்தையும் எழுதி வாங்கிக்கொண்டு, படப்பிடிப்புக்கு முன்பே அனுப்பிவிடும் ‘மினி ரூம்’ முறை பரவியிருந்தது. அப்புறம் புதியவர் தயாரிப்பை எங்கே கற்பது? சம்பள உயர்வைவிட எனக்கு இதுதான் பெரிய பிரச்சினையாகப் பட்டது. ஒரு தொடருக்குக் குறைந்தது இத்தனை எழுத்தாளர்கள், அவர்களில் சிலர் படப்பிடிப்புக் காலத்திலும் வேலையில், என்று ஒப்பந்தத்தில் எழுதவைத்தார்கள்.

மரியாதைக்குப் போடுவதும் உண்டு, பெரும்பாலும் நட்சத்திரங்களுக்கு. தயாரிப்பாளர் பட்டியலில் உள்ள பெயர் ஏதாவது ஓர் எபிசோடில் ‘எழுத்து’ என்பதற்கு நேராகவும் வந்தால், அவர் எழுத்தாளர்.