மூடுபனியில் ஒரு கிடார் ஆல்பம்

கேள்வி: 40 வருடமாகச் சொந்தப் பாட்டு எழுதிப் பாடும் அப்பாவின் ஆல்பத்தைக் கோத்தகிரியில் வீட்டிலேயே பதிவு செய்கிறோம். காலையில் கணீரென்று ஒலிக்கும் கிடார் மாலையில் மந்தமாகிறது, சுருதியும் விலகுகிறது. கிடார் பழுதா?

பதில்: பழுதில்லை, ஈரம். ஐப்பசி மழையில் பனி ஜன்னலுக்குள் புகுந்தால் கிடாரின் மேற்பலகை ஈரம் குடித்து உப்பும். தந்தி கழுத்தைவிட்டு மேலே எழும்பும், நாதம் அமுங்கும். ஈரப்பதம் அளக்கும் ஹைக்ரோமீட்டர் ஒன்று வாங்கி, அறையின் ஈரப்பதத்தை 45 முதல் 55 சதவீதத்துக்குள் வையுங்கள். கிடார் பெட்டிக்குள் சிலிக்கா ஜெல் பொட்டலம் போடலாம். கணப்படுப்புப் பக்கம் மட்டும் வேண்டாம், பலகை வெடித்துவிடும். புதுத் தந்தியை முதல் நாளே மாட்டி, விரலால் இழுத்துவிட்டு மறுபடி சுருதி சேருங்கள். ஒவ்வொரு டேக்குக்கு முன்பும், அதாவது ஒவ்வொரு முறை வாசித்துப் பதியும் முன்பும், ட்யூனர் அவசியம்.

மைக்கை கிடார் கழுத்தின் 12வது ஃப்ரெட்டுக்கு (குறுக்குக் கம்பிக்கு) நேராக, ஒரு சாண் தள்ளி வையுங்கள். துளைக்கு நேரே வைத்தால் 'பொம்' என்ற அடியொலிதான் மிஞ்சும். தகரக் கூரையில் மழை விழுந்தால் நிறுத்திவிடுங்கள். அந்தச் சத்தத்தைப் பிறகு சுத்தமாக நீக்க முடியாது.

கேள்வி: பல்லவியில் கிடார் அகலமாகக் கேட்க என்ன வழி?

பதில்: ஒரே டேக்கை நகலெடுத்து இடம், வலம் வைத்தால் அகலாது, சத்தம்தான் கூடும். அப்பா இரண்டாம் முறை வாசிக்க வேண்டும். பாட்டு ஜி மேஜர் என்றால் 7வது ஃப்ரெட்டில் கேப்போ (தந்திகளை அழுத்திப் பிடிக்கும் கவ்வி) போட்டு, சி மேஜர் பிடிகளில் வாசிக்கச் சொல்லுங்கள். அதே ஸ்வரங்கள் மேலே மணிபோல உதிரும். அந்த இழையும் விரல்கள் தரும் சின்னச் சின்ன வித்தியாசங்களும்தான் பல்லவியை விரிக்கும்.