மாலிக் கபூரின் மதுரைப் படையெடுப்பு: பாரசீக, அரபு நூல்கள் எந்த அளவுக்குச் சான்றாகும்?

கேள்வி: 1311-இல் மாலிக் கபூர் தெற்கிலிருந்து கொண்டுசென்ற யானை, குதிரைகளுக்கு ஆளுக்கொரு கணக்குச் சொல்கிறார்களே, எது சரி?

பதில்: மாலிக் கபூர், டில்லி சுல்தான் அலாவுதீன் கில்ஜியின் படைத்தலைவர். அந்தச் சுல்தானின் அவைப் புலவர் அமீர் குஸ்ரோ, படை டில்லி திரும்பிய சிறிது காலத்துக்குள் எழுதிய நூலில் 512 யானைகள், 5,000 குதிரைகள் என்கிறார். டில்லி வரலாற்றாசிரியர் ஜியாவுதீன் பரணியோ 1357-இல், அரசவையின் ஆதரவை இழந்த முதுமையில் எழுதும்போது 612 யானைகள், 20,000 குதிரைகள், 96,000 மன் (அக்கால எடை அளவு) பொன் என்கிறார். சுல்தானின் புகழைப் பெருக்கிக் காட்டக் கடமைப்பட்டிருந்த புலவரே குறைந்த எண்ணிக்கையைத் தருவதால், குஸ்ரோவின் கணக்கையே நான் ஏற்கிறேன். பாண்டியன் கைக்குச் சிக்காமல் தப்பியதையும், மதுரை ஆளரவமற்றுக் கிடந்ததையும், அங்கே இரண்டு மூன்று யானைகளே அகப்பட்டதையும் அவரே எழுதியிருக்கிறார். வெற்றியைப் பாட வந்தவர் மறைக்காமல் விட்ட இத்தகைய செய்திகள்தாம் வரலாற்று மாணவருக்குப் பெரும் செல்வம்.

கேள்வி: மாலிக் கபூர் இராமேசுவரத்தில் மசூதி கட்டியது உண்மையா?

பதில்: குஸ்ரோவும் பரணியும் அப்படிச் சொல்லவில்லை. ஏறத்தாழ முந்நூறு ஆண்டுகளுக்குப் பின் பீஜப்பூரில் இருந்து எழுதிய வரலாற்றாசிரியர் பெரிஷ்தாவின் கூற்று அது. அதை மட்டும் நம்பி முடிவு கட்டக் கூடாது.

கேள்வி: மதுரை சுல்தான் கியாசுதீன் தாம்கானியைப் பற்றி மொராக்கோப் பயணி இபின் பதூதா எழுதியவை மிகையா?

பதில்: அவர் கடற்கொள்ளையரிடம் உடைமைகளை இழந்தவர்; 1355-இல் மொராக்கோவில் தம் பயணங்களை இபின் ஜுஸய் என்ற எழுத்தரிடம் சொல்லி எழுதுவித்தவர். ஆகவே நாள் கணக்கில் பிழைகள் உண்டு. ஆயினும் கியாசுதீன் தாம்கானி அவருக்குச் சகலை; மாலத்தீவின் மீது படையெடுக்க அவருக்குக் கப்பல்கள் தர முன்வந்தவர். அப்படிப்பட்ட உறவினர் பெண்களையும் குழந்தைகளையும் கொன்றதைக் கண்ணால் கண்டு, வேறெந்த அரசனும் செய்யாத இழிசெயல் என்று அவர் கண்டிக்கும்போது, அதை மிகை என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. ஹொய்சள மன்னர் மூன்றாம் வல்லாளரை அந்தச் சுல்தான் கொன்று, தோலில் வைக்கோல் அடைத்து மதுரை மதிலில் தொங்கவிட்டதைத் தாமே பார்த்ததாகவும் சொல்கிறார். துருக்கரோடு பொருது வல்லாளர் 1342-இல் இறந்ததைக் கன்னடக் கல்வெட்டும் தனியே உறுதி செய்கிறது.

கேள்வி: பாரசீகம் தெரியாதவர்களுக்கு, அம்மொழி வரலாற்று நூல்களின் பகுதிகளை ஆங்கிலத்தில் தரும் எலியட், டவுசன் தொகுப்பு போதுமா?

பதில்: தொடங்குவதற்கு உதவும், அதற்கு மேல் போதாது. முந்தைய ஆட்சிகளைவிட ஆங்கிலேயர் ஆட்சி மேலானது என்று இந்தியருக்கு உணர்த்தும் நோக்கத்தை எலியட் தம் முன்னுரையிலேயே வெளிப்படையாக எழுதினார். போர், கொள்ளை, கோயில் இடிப்பு ஆகிய பகுதிகள் அத்தொகுப்பில் மிகுந்திருப்பது அதனால்தான். குஸ்ரோவின் நூலுக்கு முகமது ஹபீப் 1931-இல் வெளியிட்ட முழு ஆங்கில மொழிபெயர்ப்பைப் படியுங்கள். பாண்டியர் கல்வெட்டுகளையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.