கறுப்பு பீன்ஸ் வேகவைப்பது: கேள்வி பதில்

ஊறவைக்காமல் நேரடியாக வேகவைக்கலாமா அக்கா?
தாராளமாக. அடுப்பில் கூடுதல் நேரம் ஆகும், அவ்வளவுதான். எப்படிச் செய்தாலும் முதல் 10 நிமிடம் தளதளவென்று கொதிக்கட்டும். அப்புறம் தீயைக் குறையுங்கள்.

முதலிலேயே உப்பு போட்டால் வேகாது என்கிறார்களே?
நன்றாகவே வேகும். தோலை இறுக்கி வைத்திருப்பது பெக்டின் என்ற ஒட்டுப்பொருளும் அதோடு பிணைந்த கால்சியம், மெக்னீசியமும்தான். உப்புத் தண்ணீரில் ஊறினால் சோடியம் அவற்றில் கொஞ்சத்தை விரட்டிவிட்டு அந்த இடத்தில் உட்கார்ந்துகொள்ளும். தோல் இளகும், வெடிப்பதும் குறையும். 1 லிட்டர் தண்ணீருக்கு 15 கிராம் உப்பு, 8 மணி நேரம். வேகவிடாமல் அடம்பிடிக்க வைப்பது புளிப்பு. தக்காளி, எலுமிச்சை, வினிகர் எல்லாம் வெந்தபிறகுதான்.

இரண்டு மணி நேரமாகியும் கல்லாக இருக்கிறது.
தக்காளி போட்டீர்களா? இல்லையென்றால் பழைய பீன்ஸாக இருக்கும், அல்லது கால்சியம் மிகுந்த கடினத் தண்ணீர். ஒரு சிட்டிகை சமையல் சோடா போடுங்கள். கூடினால் சோப்பு வாடை வரும்.

ஊறிய தண்ணீரைக் கொட்ட வேண்டுமா?
நான் கொட்டுவதில்லை. அந்தக் கறுப்பு நிறம் அதில்தான் இறங்கியிருக்கிறது.

கொட்டாவிட்டால் வாயுத் தொல்லை வருமே? தப்பாகச் சொல்கிறீர்கள்.
வாயுவை உண்டாக்கும் ராஃபினோஸ் போன்ற சர்க்கரைகள் கொஞ்சம் தண்ணீரோடு போகும், சரி. மீதி பீன்ஸுக்குள்ளேயே இருக்கிறதே! வயிறு ஒத்துக்கொள்ளாதவர்கள் கொட்டுங்கள், நான் சண்டைக்கு வரவில்லை.

அக்கா, 15 கிராம் உப்பு போட்ட தண்ணீரிலேயே வேகவைத்தால் கரிக்காதா?
இதுதான் கேள்வி! கரிக்கும். உப்பில் ஊறியதென்றால் கொட்டிவிட்டுப் புதுத் தண்ணீர். வெறும் தண்ணீரில் ஊறியதென்றால் அப்படியே அடுப்பில் ஏற்றலாம்.

அப்படியானால் கொட்டுவதுதான் சரி என்று ஒப்புக்கொள்கிறீர்களா?
இல்லை.

ஸ்லோ குக்கரில் போட்டுவிட்டு வேலைக்குப் போகலாமா?
பச்சையாகப் போடவே கூடாது. பீன்ஸில் லெக்டின் என்ற நச்சுப் புரதம் உண்டு. சிவப்பு கிட்னி பீன்ஸில் மிக அதிகம், கறுப்பும் அதே இனம்தான். கொதிநிலைக்குக் கீழே, 80 டிகிரி போல மெதுவாகச் சூடானால் அது அழியாது. வாந்தியும் வயிற்றுப்போக்கும் மிஞ்சும். வேறு பாத்திரத்தில் 10 நிமிடம் கொதிக்கவைத்து அப்புறம் மாற்றுங்கள்.

உப்பு எப்போது போடுவது?
மேலேயே சொன்னேனே, முதலிலேயே போடலாம்.

குக்கரில் எத்தனை விசில்?
விசில் கணக்கு குக்கருக்குக் குக்கர் மாறும். அழுத்தம் ஏறியபின் ஊறியதற்கு 10 நிமிடம், ஊறாததற்கு 25 முதல் 30. பாதிக்கு மேல் நிரப்பாதீர்கள், நுரை வால்வை அடைத்துவிடும்.

ஊறவைக்காமல் செய்யலாமா?
முதல் கேள்வியே அதுதானே!

மிச்சம் எத்தனை நாள் தாங்கும்?
வெந்த சாற்றோடு ஃப்ரிட்ஜில் 3 அல்லது 4 நாள்.